இனா ரூத் இறந்துபோன ஞாயிற்றுக்கிழமை

அக்டோபர் மாதத்து இரண்டாம் ஞாயிறு. அமெரிக்காவின் தெற்குப் பக்கம், சாண்ட் மலைக்கு ஏறும் சாலை முழுக்க மூடுபனி. லானெட் ஹேத்காக் இந்தச் சாலையைப் பிறந்த நாளிலிருந்து அறிந்தவள்தான். ஆனாலும் அன்றைக்கு வளைவுகள் ஒவ்வொன்றையும் யாரோ இடம் மாற்றி வைத்துவிட்டதுபோல முன்னும் பின்னுமாக வந்தன. பருத்திக் காடு இருக்கவேண்டிய இடத்தில் வெள்ளை. கோழிப்பண்ணை இருக்கவேண்டிய இடத்திலும் வெள்ளை. நாற்றம் மட்டும் தன் இடத்தில் சரியாக இருந்தது. வண்டியின் பின்சீட்டில் இரண்டு கேமரா, ஒலிப்பதிவுப் பெட்டி, முக்காலி. பக்கத்துச் சீட்டில் தோல் பை. பைக்குள் மூன்று வாரமாக மடித்தபடியே கிடக்கும் ஒரு தாள்.

ஐம்பத்து மூன்று வயதான லானெட் ஆவணப்படம் எடுப்பவள். ஆறு வருடமாக ஒரே படத்தைப் பிடித்துக்கொண்டிருந்தாள்: அமெரிக்காவின் பாட்டு எந்தெந்த மண்ணில் ஊறி எப்படி ஓடி வந்தது என்று தேடிப் போகிற படம். மிசிசிப்பியில் வீட்டுச் சுவரில் ஒற்றைக் கம்பியை ஆணியடித்து இழுத்துக் கட்டி, வீட்டையே வாத்தியமாக்கி வாசித்த மனிதரை எடுத்தாள். டெக்ஸஸ் எல்லையில் அக்கார்டியன் வாசிக்கும் மூன்று சகோதரிகளை எடுத்தாள். ஜார்ஜியாவின் கடல்தீவுகளில், கம்பால் தரையைக் குத்தித் தாளம் போட்டபடி விடியவிடியச் சுற்றிவரும் பெண்களை எடுத்தாள். நாட்டையே வளைய வந்தவள் சொந்த ஊரை மட்டும் கடைசிக்குத் தள்ளி வைத்திருந்தாள். பயம்தான், வேறொன்றுமில்லை.

பயத்துக்குக் காரணம் அவளுடைய முதல் படம். பத்தொன்பது வருடத்துக்கு முன்னால், இதே மலையில், இப்போது அவள் போய்க்கொண்டிருக்கும் ஹிக்கரி கேப் தேவாலயத்தில் எடுத்தது. இங்கே பாடுகிறவர்கள் சதுரமாக பெஞ்சு போட்டு, நான்கு பக்கமும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்து உட்காருவார்கள். பக்கத்துக்கு ஒரு குரல்: அடிக்குரல் பேஸ், நடுவில் டெனர், உச்சத்தில் ட்ரெபிள், பெண்களின் தாழ்ந்த குரலான ஆல்ட்டோ. நடுவில் காலியிடம். பாட்டை நடத்துகிறவர் மட்டும் அங்கே போய் நிற்பார். வாத்தியம் கிடையாது. மேடை கிடையாது. கேட்க வருகிறவர் என்று யாரும் கிடையாது. வந்தால் பாடவேண்டும், பாட வராவிட்டால் எதையாவது சமைத்தாவது கொண்டுவரவேண்டும். எண்பது பேர் பாடும்போது ஒருவர் குரல் மட்டும் தனியாகக் கேட்டால், அது மற்றவர்களுக்கு அல்ல, பாடினவருக்கே வெட்கம்.

அப்படிப்பட்ட இடத்தில், ஆல்ட்டோ பெண்களின் முன்பெஞ்சில் ஓர் ஓரமாக உட்கார்ந்து பாடிக்கொண்டிருந்த தன் அம்மா இனா ரூத்தின் காலரில் ஒரு சின்ன மைக்கைக் குத்தினாள் லானெட். எடிட்டிங் அறையில் எண்பது குரலையும் தணித்து ஒன்றை மட்டும் ஏற்றினாள். நியூயார்க்கில் ஜனங்கள் அழுதார்கள். ஒரு பத்திரிகை அம்மாவை 'மலையின் குரல்' என்று எழுதித் தள்ளியது. அடுத்த மாதக் கூட்டத்துக்கு முன்பின் தெரியாத நாலைந்து பேர் வந்து உட்கார்ந்தார்கள். இனா ரூத் நடுவில் போய் நின்று பாட்டை முடித்ததும், அவர்கள் கைதட்டினார்கள்.

ஹிக்கரி கேப்பில் அதற்கு முன் யாரும் யாருக்கும் கைதட்டியதில்லை. இனா ரூத் புத்தகத்தை மூடினாள், பையில் போட்டாள், வெளியே போய் வண்டியில் உட்கார்ந்தாள். அவ்வளவுதான். அதன்பிறகு அந்த வாசலை மிதிக்கவில்லை. மகளைத் திட்டவும் இல்லை. நாலு வார்த்தை திட்டியிருந்தால்கூடத் தேவலை. ஆனால் பாத்திரம் கழுவும்போதும், துணி மடிக்கும்போதும் ஓயாமல் ஸ்வரத்தை முனகிக்கொண்டிருந்த பெண், அதோடு வாயை மூடிக்கொண்டாள். அந்த வீட்டில் அப்புறம் பாத்திரச் சத்தம் மட்டும்தான். அம்மாவின் வாயிலிருந்து பாட்டைப் பிடுங்கியது தான்தான் என்பது லானெட்டுக்குத் தெரியும். பத்தொன்பது வருடத்தில் அது தெரியாத மாதிரி இருக்கப் பழகிக்கொண்டிருந்தாள்.

இப்போது பைக்குள் இருக்கும் தாள் அதைத்தான் மறுபடியும் கிளறியது. புதுப் படம் அந்தப் பழைய குரலோடு முடியவேண்டும் என்று தொலைக்காட்சிக்காரர்கள் ஒற்றைக்காலில் நின்றார்கள். அதற்கு அம்மாவின் கையெழுத்து வேண்டும். எண்பத்தோரு வயது இனா ரூத், வசந்த காலத்தில் இடுப்பெலும்பு முறிந்து, மலைக்குக் கீழே ஒரு முதியோர் இல்லத்தில் தேறிக்கொண்டிருந்தாள். மூன்று வாரத்தில் மூன்று தடவை போய்ப் பார்த்தாள் லானெட். மூன்று தடவையும் மழை பெய்யுமா பெய்யாதா என்று பேசிவிட்டுத் திரும்பி வந்தாள்.

தேவாலய வாசலில் வெல்டா அம்ஃப்ரி நின்றுகொண்டிருந்தாள். அம்மாவோடு முப்பது வருடம் ஒரே பெஞ்சில் உரசிக்கொண்டு உட்கார்ந்தவள். எழுபத்தெட்டு வயது, கண்ணாடி இல்லாமல் பைபிள் படிக்கிற கண், அந்தக் கண்ணுக்குக் குறையாத நாக்கு.

"வா, வா. இன்னைக்கு யார் சட்டையில குத்தப் போற?"

"யார் சட்டையிலயும் இல்ல அத்தை. மூலையில மைக்கை வெச்சுட்டுச் சும்மா நிக்கப் போறேன்."

"சும்மா நிக்கிறவங்களுக்கு இங்க சாப்பாடு கிடையாது, ஞாபகமிருக்கில்ல?"

"அவிச்ச முட்டை கொண்டாந்திருக்கேன். மிளகாப்பொடி தூவினது."

"நீ செஞ்சதா, கடையில வாங்கினதா?"

"...கடையில."

"ஆண்டவர் மன்னிப்பார். நான் மாட்டேன்."

லானெட்டுக்குச் சிரிப்பு வந்தது. சிரித்த தைரியத்தில் சொல்ல வந்ததைச் சொன்னாள். மத்தியானச் சாப்பாட்டுக்கு முன்னால் இங்கே இரண்டு பட்டியல் வாசிப்பது வழக்கம். உடம்பு முடியாமல் வர இயலாதவர்களின் பெயர்கள் ஒன்று. அந்த வருடம் இறந்துபோனவர்களின் பெயர்கள் இன்னொன்று. ஒவ்வொரு பட்டியலுக்கும் ஒரு பாட்டு. பட்டியலை எழுதுவதும் வாசிப்பதும் வெல்டாவின் வேலை.

"உடம்பு முடியாதவங்க பட்டியல்ல அம்மா பேரைச் சேத்துக்கங்க அத்தை."

வெல்டா அவளை ஏற இறங்கப் பார்த்தாள். "இனா ரூத்தையா? அவளே சொன்னாளா?"

"இல்ல. நான்தான் சொல்றேன்."

"ம்." வெல்டா கைப்பையிலிருந்து அட்டையை எடுத்து, கதவு நிலையில் வைத்து, குட்டிப் பென்சிலால் எழுதினாள். "எழுதியாச்சு. போ, உன் மூலைக்குப் போ."

உள்ளே பெஞ்சுகள் நிரம்பிக்கொண்டிருந்தன. கோழிப்பண்ணைக்காரர்கள், பள்ளிக்கூட டீச்சர்கள், அட்லாண்டாவிலிருந்து விடிகாலையில் கிளம்பி வந்த, கழுத்துவரை பச்சை குத்திய இளசுகள். இந்தப் பாட்டுக்கு ஆள் குறைவு என்று யாரும் கண்ணீர் விட வேண்டியதில்லை. உட்கார இடம்தான் குறைவு. ஆல்ட்டோ பக்கம் இரண்டாவது பெஞ்சில் ஏழு பேர் இடித்துக்கொண்டிருந்தார்கள். ஆனால் முன்பெஞ்சின் ஓரத்தில் ஓர் ஆள் உட்காரும் இடம் அப்படியே கிடந்தது. அதன்மேல் வெளுத்துப்போன நீல மெத்தை ஒன்று. கேமரா வழியாகப் பார்த்தால் பல் விழுந்த இடைவெளி மாதிரி அந்த இடம் கண்ணை உறுத்தியது.

சுருதி கொடுக்கும் ஹர்ஷெல் பாட்ஸ் பக்கத்தில் வந்தபோது லானெட் கேட்டாள்: "மாமா, அந்த ஓரத்துல யாரையாச்சும் உக்கார வைக்கலாமா? படத்துல காலியாத் தெரியுது."

ஹர்ஷெல் கண்ணாடியைத் தூக்கி அந்த இடத்தைப் பார்த்தார். "காலியாத்தானே இருக்கு?" என்று சொல்லிவிட்டு நடந்துபோனார்.

அவர் தொண்டைக்குள் எதையோ தேடி, ஓர் ஒலியைக் கண்டுபிடித்து, அதை நான்கு பக்கமும் நீட்டினார். கை உயர்ந்தது, இறங்கியது. முதலில் வார்த்தை இல்லாமல் ஸ்வரத்தின் பெயர்களை மட்டும் பாடுவார்கள்: ஃபா, சோல், லா. பிறகுதான் வார்த்தை. முதல் படத்தில் லானெட் இந்த ஸ்வரப் பகுதியை ஒத்திகை என்று வெட்டி எறிந்திருந்தாள். பிறந்த வீட்டுப் பாட்டையே வெளியூர்க்காரி மாதிரி வெட்டியவள்.

பாட்டு அடுத்தடுத்து வந்தது. யாரும் பாட்டின் பெயரைச் சொல்வதில்லை. நடுவில் வந்து நிற்பவர் புத்தகத்துப் பக்க எண்ணைச் சொல்வார், எண்பது கை ஒரே சமயத்தில் தாளைப் புரட்டும், சத்தம் கூரையில் போய் முட்டும். திறந்த ஜன்னல் வழியே பனி மெதுவாக உள்ளே வந்து பெஞ்சுகளுக்கு அடியில் பரவியது. பலகைத் தரையில் கால்கள் தாளம் போட, அந்த அதிர்வு முக்காலியில் ஏறி லானெட்டின் உள்ளங்கைக்குள் வந்தது. அவளுக்குக் கண் செருகியது. அவள் நாலு வயதில் அந்த ஆல்ட்டோ பெஞ்சுக்கு அடியில்தான் தூங்குவாள். அங்கிருந்து பார்த்தால் மனிதர்கள் இல்லை, செருப்புகள்தான். இருபது ஜோடிச் செருப்புக்குள் அம்மாவின் பழுப்புச் செருப்பை மட்டும் கண்டுபிடித்துவிடுவாள். வலது கால் முன்விரல் பக்கம் மட்டும் தேய்ந்தது. அந்தச் செருப்பு ஏறி இறங்குவதைப் பார்த்தபடியே தூங்கிப்போவாள். தூக்கத்திலும் பாட்டு நிற்காது. இப்போதும் கேமராவைக் கீழே திருப்பினால் அந்தச் செருப்பு அங்கே இருக்கும் என்று அவளுக்குத் தோன்றியது. திருப்பினாள். நீல மெத்தைக்குக் கீழே பனி மட்டும் இருந்தது.

மத்தியானம் ஆனபோது வெல்டா நடுவில் வந்து நின்றாள். கையில் இரண்டு அட்டை. எல்லாரும் புத்தகத்தை மடியில் வைத்தார்கள்.

உடம்பு முடியாதவர்கள் பட்டியலில் ஒன்பது பெயர். அம்மா பெயர் அதில் இல்லை. மறந்துவிட்டாள் போலிருக்கிறது என்று லானெட் நினைத்தாள். வருத்தமாகத்தான் இருந்தது, ஆனாலும் விட்டுவிட்டாள். அவர்களுக்கான பாட்டு முடிந்தது. வெல்டா இரண்டாவது அட்டையைத் தூக்கிப் பிடித்தாள்.

"இந்த வருஷம் நம்மளை விட்டுப் போனவங்க," என்றாள். ஒவ்வொரு பெயருக்கும் ஒரு மூச்சு இடைவெளி விட்டாள். ஆறு பெயர். பிறகு ஏழாவது.

"இனா ரூத் ஹேத்காக்."

ஹர்ஷெலின் கை பாதி வழியில் நின்றது. பேஸ் பக்கம் ஒரு பெரியவர் முகத்தைப் புத்தகத்தால் மூடிக்கொண்டார். ஆல்ட்டோ பெஞ்சில் ஒருத்தி, எழுபது வயதிருக்கும், பக்கத்திலிருந்த வெற்று மெத்தையின்மேல் கையை வைத்தாள். பெயர் வாசித்ததற்கும் பாட்டுக்கும் நடுவில் இங்கே யாரும் பேசுவதில்லை. இருமல் வந்தால்கூட அடக்கிக்கொள்வார்கள். அந்த வழக்கம் லானெட்டின் எலும்பில் ஊறியிருந்தது.

"இருநூத்திப் பதினேழு," என்றாள் வெல்டா.

அது யாருடைய எண் என்று அங்கே எல்லாருக்கும் தெரியும். முப்பது வருடம் நடுவில் நின்று இனா ரூத் நடத்தியது அந்தப் பாட்டைத்தான்.

எழுந்து நின்று 'அம்மா உயிரோடு இருக்கிறாள்' என்று கத்தியிருக்கவேண்டும். லானெட் கத்தவில்லை. அவள் நல்லவள் என்று சொல்ல வரவில்லை. கேமரா ஓடிக்கொண்டிருந்தது, அதற்குள் தெரிந்த முகங்கள் ஆறு வருடத்தில் அவளுக்குக் கிடைக்காத முகங்கள், கை அதை விட மறுத்தது. அது ஒரு பாதி. மறு பாதி வேறு. ஒரு நிமிடம் அவளே அதை நம்பிவிட்டாள். காலையில் பனிக்குள் வரும்போதே அம்மா போயிருக்கவேண்டும், இவர்கள் எல்லாருக்கும் தெரிந்திருக்கிறது, தனக்கு மட்டும்தான் யாரும் சொல்லவில்லை. இனி மழையைப் பற்றிப் பேசக்கூட ஆள் இல்லை.

பாட்டு எழுந்தது. அதில் நான்கு குரலும் ஒன்றன்பின் ஒன்றாக நுழையும் ஓர் இடம் உண்டு. முதலில் பேஸ், அடுத்து டெனர், அதன்மேல் ட்ரெபிள், கடைசியில் ஆல்ட்டோ. ஒவ்வொரு குரலும் கதவைத் தள்ளிக்கொண்டு வருவதுபோல வந்தது. எண்பது பேரில் பாதிப் பேர் அழுதுகொண்டே பாடினார்கள். அழுகையும் பாட்டும் ஒன்றோடொன்று கலந்து எது எது என்று தெரியாமல் போனது. யார் குரலும் தனியாகக் கேட்கவில்லை. லானெட் கேமராவை விட்டுச் சுவரில் சாய்ந்து, அம்மாவுக்காக வாய்விட்டு அழுதாள்.

பாட்டு முடிந்தது. கூரையிலிருந்து சத்தம் இறங்கி அடங்கும்வரை காத்திருந்தாள். பிறகு சொன்னாள்: "அம்மா சாகல."

எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள்.

"அம்மா உயிரோடதான் இருக்காங்க. கீழ ஹோம்ல."

ஹர்ஷெல் மூக்கைச் சிந்திக்கொண்டே கேட்டார்: "எந்த அளவுக்கு உயிரோட?"

"காலையில பிஸ்கட் ரொட்டி கல்லு மாதிரி இருக்குன்னு சமையல்காரரைக் கூப்பிட்டுச் சண்டை போட்டாங்களாம். அந்த அளவுக்கு."

முதலில் பேஸ் பக்கம்தான் சிரித்தது. பிறகு நான்கு பக்கமும் சிரித்தது. கண்ணைத் துடைத்தபடியே சிரித்தார்கள். வெல்டா அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "அட. கார்டு மாறிப்போச்சு," என்றாள். முகத்தில் துளி கலக்கம் இல்லை.

ஹர்ஷெல் எழுந்து சாப்பாட்டு ஜெபம் செய்தார். "ஆண்டவரே, கொஞ்சம் சீக்கிரமாப் பாடிட்டோம். நேரம் வர்றப்போ இதையே வெச்சுக்கங்க. சாப்பாட்டையும் ஆசீர்வதியுங்க. ஆமென்."

வெளியே ஓக் மரங்களுக்குக் கீழே, நீளமான சிமெண்ட் மேஜை முழுக்கப் பாத்திரங்கள். பனி விலகி வெயில் வந்திருந்தது. லானெட் கையில் தட்டைப் பிடித்தபடி நின்றாள், ஆனால் அவள் எடுத்து வைக்க ஒருவரும் விடவில்லை. செத்துப் பிழைத்தவளுக்குப் பசிக்கும் என்று சொல்லி, ஆளாளுக்கு ஒரு டப்பாவில் எதையாவது போட்டுக் கொடுத்தார்கள். பொரித்த கோழி, வெண்ணெய் அவரை, சோள ரொட்டி. கொடுக்கும்போது ஒவ்வொருவரும் ஒன்று சொன்னார்கள். "அவ போனதுலேர்ந்து எனக்குச் சுருதி நேரா நிக்கல, சொல்லிடு." "எங்க மேல கோபமான்னு கேளு. பத்தொன்பது வருஷமா யோசிச்சுப் பாக்குறேன், நான் என்ன சொன்னேன்னு ஞாபகமே வரல." லானெட் தலையாட்டிக்கொண்டே வாங்கினாள். அவர்கள் இத்தனை காலம் தங்களைத்தான் நொந்துகொண்டிருந்தார்கள் என்பது அவளுக்கு அன்றுதான் தெரிந்தது. கோழியும் அவரையும் கையில் கனத்தன.

வெல்டா கடைசியில் ஒரு கேக் டப்பாவை நீட்டினாள். "தேங்காய் கேக். சீனி வேணும்னே கம்மியாப் போட்டிருக்கேன். வாயைத் திறந்து குறை சொல்லட்டும்."

பிற்பகல் வெயில் முதியோர் இல்லத்து ஜன்னலில் மஞ்சளாகப் படிந்திருந்தது. இனா ரூத் சக்கர நாற்காலியில் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தாள். மகள் வரிசையாக அடுக்கின டப்பாக்களைப் பார்த்தாள்.

"இவ்வளவு சாப்பாடா? யாரு செத்தது?"

"நீதாம்மா."

லானெட் நடந்ததைச் சொன்னாள். எதையும் மறைக்கவில்லை, கேமராவை நிறுத்தாமல் நின்றதையும் சொன்னாள், அழுததையும் சொன்னாள். இனா ரூத் கேட்டபடியே ஒரு கோழிக்காலை முடித்தாள். விரலைத் துடைத்துக்கொண்டாள்.

"பட்டியலை வெல்டாவா வாசிச்சா?"

"ஆமா. கார்டு மாறிப்போச்சாம்."

"மாறும், மாறும். நாப்பது வருஷமா வாசிக்கிறா, ஒரு எழுத்து மாறினதில்ல." இனா ரூத் கேக்கில் முள்கரண்டியை வைத்தாள். "என்ன நம்பர் போட்டா?"

"இருநூத்திப் பதினேழு."

கரண்டி நின்றது. "கார்டு மாறிப்போன பொம்பளைக்கு என் நம்பர் மட்டும் மாறல," என்றாள். "கழுதை. நேரா வந்து கூப்பிட வாய் வராது அவளுக்கு." ஒரு துண்டு வாயில் போட்டாள். "சீனி பத்தல. சரி, அதைப் போடு, கேப்போம்."

லானெட் மடிக்கணினியை மேஜைமேல் வைத்து ஓடவிட்டாள். இனா ரூத் படத்தைப் பார்க்கவில்லை, கண்ணை மூடிக்கொண்டாள். "ஹர்ஷெல் சுருதியை இறக்கிட்டான். வயசாயிடுச்சு அவனுக்கு," என்றாள். கொஞ்ச நேரத்தில், நாற்காலியின் கால்மிதியில் வலது கால் முன்விரல் மட்டும் ஏறி இறங்க ஆரம்பித்தது. லானெட் அதைப் பார்த்தாள். மூச்சுவிடாமல் பார்த்தாள்.

நான்கு குரலும் நுழையும் இடம் வந்தது. பேஸ், டெனர், ட்ரெபிள், ஆல்ட்டோ.

"லேட்டு," என்றாள் இனா ரூத்.

"எனக்குத் தெரியலையேம்மா."

"ஆல்ட்டோ அரைத் தட்டு லேட்டு. முன்னால இருக்கிறவதான் முதல்ல எடுக்கணும். அந்த ஓரத்துல யாரு?"

"யாருமில்ல. உன் மெத்தை மட்டும்தான் இருக்கு. நீல மெத்தை."

"அதை இன்னுமா தூக்கிப் போடல?"

"யாரும் அதுமேல உக்காரலம்மா. பின்னால ஏழு பேர் நெருக்கிக்கிட்டு உக்காந்திருக்காங்க."

இனா ரூத் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அவள் தோள் இரண்டு முறை குலுங்கியது. லானெட் பாட்டை நிறுத்தினாள். இனி மழையைப் பற்றிப் பேச முடியாது.

"அன்னைக்கு உன் குரலை மட்டும் பிரிச்சு எடுத்தேன். அது தப்பும்மா."

"தப்புன்னு இன்னைக்குத்தான் தெரிஞ்சுதா?"

"எடுக்கும்போதே தெரியும்."

"தெரிஞ்சும் ஏன் செஞ்ச?"

"ரொம்ப நல்லா இருந்துச்சு."

இனா ரூத் திரும்பி மகளைப் பார்த்தாள். கண்கள் ஈரமாக இருந்தன, ஆனால் உதட்டோரத்தில் ஏதோ அசைந்தது. "பொய் சொல்லாம இருக்கியே, அதுவரைக்கும் சரி."

லானெட் பையிலிருந்து தாளை எடுத்தாள். "டிவிக்காரங்களுக்கு அந்தப் பழசு வேணுமாம். படத்தோட கடைசியில. உன் கையெழுத்து வேணும். நீ வேண்டாம்னா இங்கயே கிழிச்சுப் போடுறேன்."

இனா ரூத் தாளை வாங்கி, தூரத்தில் பிடித்து, கடைசி வரிவரை படித்தாள். "இன்னைக்குப் பாடினதுல யார் சட்டையிலயாவது மைக் குத்தினியா?"

"இல்லம்மா. மூலையில வெச்சேன்."

"யாராச்சும் கைதட்டினாங்களா?"

"இல்ல."

"என் குரல் அதுல இருக்கா?"

"நீ அங்க இல்லையேம்மா."

"பேனாவைக் குடு." பழைய படத்தைப் பற்றி எழுதியிருந்த வரியைக் குறுக்கே அடித்தாள். மேலே கோணல்மாணலாக, 'இன்றைக்குப் பாடிய 217' என்று எழுதி, கீழே கையெழுத்துப் போட்டாள். "இதைப் போடு. இதுல நான் இல்ல. அதனாலதான் இது சரியா இருக்கு."

தொலைக்காட்சிக்காரர்கள் இதைப் பார்த்து என்ன குதி குதிப்பார்கள் என்று லானெட்டுக்குத் தெரியும். குதிக்கட்டும் என்று தாளை மடித்துப் பைக்குள் வைத்தாள்.

"மறுபடி போடு," என்றாள் அம்மா. "முதல்லேர்ந்து. ஸ்வரத்தை வெட்டாம."

பாட்டு மறுபடி எழுந்தது. ஃபா, சோல், லா. பேஸ் நுழைந்தது. டெனர் நுழைந்தது. ட்ரெபிள் நுழைந்தது. அப்போது, மடிக்கணினிப் பெட்டிக்குள் இருந்த ஆல்ட்டோ பெண்கள் வருவதற்கு அரைத் தட்டு முன்னால், சரியாக எங்கே வரவேண்டுமோ அங்கே, இனா ரூத் வாயைத் திறந்தாள்.

குரல் கரகரத்தது. எண்பத்தோரு வயதுக் குரல், பத்தொன்பது வருடம் பூட்டிக் கிடந்த குரல். ஆனால் அது அந்த ஓர இடத்தில் போய் உட்கார்ந்தது. பெட்டிக்குள் இருந்த பெண்கள் அரைத் தட்டு கழித்து அவள் பின்னாலேயே வந்தார்கள், அவள் கூட்டிக்கொண்டு போவதுபோல. லானெட்டின் கை பழக்கத்தில் ஒலிப்பதிவுப் பெட்டியின் பொத்தானைத் தேடிப் போனது. தேடிய கையை இழுத்துத் தொடைக்கடியில் வைத்து அதன்மேலேயே உட்கார்ந்துகொண்டாள்.

சத்தம் கேட்டு, பக்கத்து அறைக்காரர் காடிஸ் நடைவண்டியைத் தள்ளிக்கொண்டு வந்து வாசலில் நின்றார். அவர் முகம் மலர்ந்தது. நடைவண்டியை விட்டு இரண்டு கையையும் மார்புக்கு நேரே உயர்த்தினார்.

லானெட் பாய்ந்து போய் அந்தக் கைகளைப் பிடித்துக்கொண்டாள்.

"கைதட்டாதீங்க," என்றாள் மெதுவாக. "பாடுங்க."

"எனக்குப் பாட்டுத் தெரியாதேம்மா."

"எனக்கும்தான் மறந்துபோச்சு. சும்மா நிக்கக் கூடாது இங்க."

அவர் கைகளைப் பிடித்தபடியே லானெட் ட்ரெபிள் குரலைத் தேடினாள். நாலு வயதில் பெஞ்சுக்கடியில் கேட்டது. கிடைத்ததும் நுழைந்தாள்; தப்பான இடத்தில், குரல் உடைந்து, கண்ணீர் மூக்கில் இறங்க நுழைந்தாள்.

இனா ரூத் கண்ணைத் திறக்கவில்லை. நாற்காலிக் கையில் தாளம் போட்டுக்கொண்டிருந்த கையும் நிற்கவில்லை. ஒரு மூச்சு இடைவெளியில் சொன்னாள்:

"லேட்டு. பரவால்ல, வா."